பழைய விதிகளை மீட்டுத் தரும் ஆட்டங்களில் எதைத் தேர்ந்தெடுப்பது?

நண்பர்களுக்கு வணக்கம். பகடை உருட்டிக் கதாபாத்திரங்களாக நடித்து ஆடும் டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் ஆட்டத்தின் ஐந்தாம் பதிப்பில் பழகிய எங்கள் குழு, பழைய பதிப்புகளின் விதிகளை மீட்டெழுதிய ஆட்டம் ஒன்றைத் தொடங்க விரும்புகிறது. அதன் 1981-இன் பேசிக், எக்ஸ்பர்ட் விதித் தொகுப்புகளை ஒழுங்குபடுத்தித் தரும் ஓல்டு ஸ்கூல் எசென்ஷியல்ஸ் (2019), அதே ஆட்டத்தின் விரிவான வடிவமான அட்வான்ஸ்டின் முதற்பதிப்பை அடியொற்றிய ஆஸ்ரிக் (2006) ஆகிய இரண்டில் எதை எடுப்பது என்று முடிவு செய்ய முடியவில்லை.

படிக்கத் தெளிவானது முன்னதுதான் என்பது என் கருத்து. ஆனால் நாங்கள் ஆட நினைக்கும் பழைய சாகசங்கள் பெரும்பாலும் அட்வான்ஸ்டு விதிகளுக்காக எழுதப்பட்டவை. கவச எண்ணை (ஒருவரைத் தாக்குவது எவ்வளவு கடினம் என்பதைக் காட்டும் எண்; பழைய விதிகளில் குறைந்தால் நல்லது) மாற்றுவது எளிது: கவசமில்லாதவருக்கு முன்னதில் 9, பின்னதில் 10 என்பதால், கூடினால் நல்லது என்னும் ஏறுமுக எண்ணைப் பெற முறையே 19-இலிருந்தும் 20-இலிருந்தும் கழித்தால் போதும். எவ்வளவு அடி தாங்கலாம் என்பதைக் காட்டும் உயிர்ப்புள்ளிகள்தாம் சிக்கல். அட்வான்ஸ்டு விதிகளில் பத்துமுகப் பகடை உருட்டும் போர்வீரனுக்கு ஓல்டு ஸ்கூல் எசென்ஷியல்ஸில் எட்டுமுகப் பகடைதான்; ஆறுமுகப் பகடை உருட்டிய திருடனுக்கோ நான்குமுகம் (பாவம், அவன் நிலை எப்போதுமே இப்படித்தான்).

இவ்வாறு அட்வான்ஸ்டு சாகசங்களை ஓல்டு ஸ்கூல் எசென்ஷியல்ஸ் விதிகளோடு கலந்து ஆடியவர்கள், அரக்கர்களின் எண்ணிக்கையைக் குறைத்தீர்களா, அல்லது இரண்டு ஆறுமுகப் பகடைகளால் தீர்மானிக்கப்படும் எதிர்வினை (அரக்கர்கள் சந்திப்பில் எப்படி நடந்துகொள்வார்கள்), மன உறுதி (தொடர்ந்து போரிடுவார்களா) ஆகிய சோதனைகளே மோதல்களைப் போதிய அளவு தணித்துவிட்டனவா என்று தெரிவிக்க வேண்டுகிறேன். கொன்றால் அனுபவப்புள்ளி என்று பழகியவர்களை, மீட்டுவரும் ஒவ்வொரு பொற்காசுக்கும் ஒரு புள்ளி என்னும் முறைக்கு எப்படிக் கொண்டுவந்தீர்கள் என்பதையும் சொன்னால் நன்றியுடையவனாக இருப்பேன்.