ஜெரோனிமோ எந்தக் குலம்? அப்பாச்சிகளின் உறவுமுறை பற்றி ஒரு சந்தேகம்

நாடோடி82:
ஒரு வாரமாக அமெரிக்கப் பழங்குடிகளான அப்பாச்சிகளைப் பற்றிக் கையில் கிடைத்ததையெல்லாம் படிக்கிறேன், படிக்கப் படிக்கக் குழப்பம்தான் கூடுகிறது. ஓரிடத்தில் அவர்கள் தாய்வழிக் குலம் பார்ப்பவர்கள், ஒரே குலத்துக்குள் கல்யாணம் கிடையாது, 60-க்கும் மேல் குலங்கள் உண்டு என்று போட்டிருக்கிறது. சரி, அமெரிக்க ராணுவத்தோடு சண்டையிட்ட அப்பாச்சிப் போராளி ஜெரோனிமோ எந்தக் குலம் என்று பார்ப்போம் என்று தேடினால் ஒருவர் பெதொன்கொஹே என்கிறார், இன்னொருவர் சிரிகாவா என்கிறார். இதில் எது குலம், எது கிளை? அப்புறம், இஷ்டான் என்ற பெண்ணை அவருடைய தங்கை என்று ஒரு புத்தகத்திலும், தூரத்துச் சகோதரி என்று இன்னொன்றிலும் பார்த்தேன். நான் ஒரு அட்டவணை போட்டுக்கொண்டிருக்கிறேன், 'குலம்' என்ற கட்டம் மட்டும் நாலு நாளாகக் காலியாக இருக்கிறது. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழஞ்சுவடி:
அந்தக் கட்டம் நிரம்பாது நண்பரே, அவருக்குக் குலமே கிடையாது.

'அப்பாச்சி' என்பது வெளியார் வைத்த பெயர், சூனி மொழியில் எதிரியைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது என்பது பலருடைய கருத்து. அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது ந்தே, இந்தே என்று, அதாவது 'மக்கள்'. அதபாஸ்கன் மொழிக் குடும்பத்தின் தெற்குக் கிளை, அந்தக் குடும்பத்தின் மற்ற சொந்தங்கள் அலாஸ்காவிலும் கனடாவிலும் இருக்கிறார்கள். ஒரே பெயரில் அழைத்ததால் ஒரே சமூகம் என்று நினைத்துவிடுகிறோம். மேற்கு அப்பாச்சி, சிரிகாவா, மெஸ்கலேரோ, ஹிகரியா, லிபான், சமவெளி அப்பாச்சி என்று தனித்தனி மக்கள், உறவு எண்ணும் விதமும் ஒன்றுபோல இல்லை.

நீங்கள் படித்த 60 குலமும் அரிசோனாவின் மேற்கு அப்பாச்சிகளுடையது. 1930களில் கிரென்வில் குட்வின் என்ற மானிடவியலாளர் அவர்களோடு பழகி எழுதி வைத்ததிலிருந்து அந்த எண்ணிக்கை வருகிறது. சினிமா பார்த்து வளர்ந்த நமக்குக் குலப்பெயர் என்றால் கழுகு, ஓநாய் என்றுதான் தோன்றும். அங்கே பெரும்பாலும் இடப்பெயர்தான், வெள்ளை நாணல் வரிசையாக நிற்கும் இடத்தார், ஒற்றை ஜுனிப்பர் மரம் நிற்கும் இடத்தார், இப்படி. முன்னோர்கள் வந்து முதலில் மக்காச்சோளம் ஊன்றிய இடம் அது. குலம் அம்மா வழியாக வரும். ஒரே குலத்தார் பல கூட்டங்களில் சிதறிக் கிடப்பார்கள், அதனால் முன்பின் தெரியாத பள்ளத்தாக்குக்குப் போனாலும் குலத்தைச் சொன்னால் சோறு கிடைக்கும், சண்டை என்றால் ஆள் கிடைக்கும்.

சிரிகாவாக்களிடம் இது எதுவும் இல்லை. அப்பா பக்கம், அம்மா பக்கம் இரண்டையும் சமமாக எண்ணுவார்கள். பெதொன்கொஹே என்பது சிரிகாவாக்களின் நான்கு கூட்டங்களில் ஒன்று, ஹீலா ஆற்றின் தலைப்பகுதியில் திரிந்தவர்கள். மற்ற மூன்றும் சொக்கோனென், சிஹென்னே, நெத்னி. எந்த மலையில் இருக்கிறாய், எந்தத் தலைவன் பின்னால் போகிறாய் என்பதுதான் கூட்டம், அதை வம்சம் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

இஷ்டான் விஷயத்தில் இரண்டு புத்தகமும் சரி. சிரிகாவா மொழியில் உடன்பிறந்தவர்களுக்கும் சித்தப்பா, மாமா, அத்தை, பெரியம்மா பிள்ளைகளுக்கும் ஒரே சொல்தான். பேசுகிறவரும் உறவுக்காரரும் ஒரே பாலினம் என்றால் 'கிஸ்', எதிர்ப் பாலினம் என்றால் 'லா', முன்னால் 'என்' என்பதற்கு ஒரு 'ஷி' சேரும். மூத்தவர் இளையவர் பேதம்கூட அதில் இல்லை. நம் 'முறைப்பெண்' என்ற சொல்லை அங்கே வைக்கவே இடமில்லை, மாமன் மகளும் சகோதரிதான். இஷ்டான் சொந்தத்தில் கொஞ்சம் தள்ளி வருகிறவர், நெத்னித் தலைவர் ஹூவின் மனைவி. ஜெரோனிமோ வாயில் அவர் 'ஷிலா'. அதைக் கேட்டு எழுதியவர் தங்கை என்று எழுதினார், வம்சக்கொடி வரைந்தவர் தூரத்துச் சொந்தம் என்று எழுதினார்.

மல்லிகை:
தலைப்பைப் பார்த்துவிட்டு யாரோ தங்கள் அப்பாச்சியைப் பற்றிக் கேட்கிறார்கள் என்று உள்ளே வந்தேன். எங்களுக்கு அப்பாச்சி என்றால் அப்பாவின் அம்மா.

வந்ததற்கு ஒன்று சொல்லிவிட்டுப் போகிறேன். சிரிகாவாக்களிடமும் அப்பாவின் அம்மாவுக்கு ஒரு சொல், அம்மாவின் அம்மாவுக்கு வேறு சொல், தாத்தாக்களுக்கும் அப்படியே இரண்டு. வேடிக்கை என்னவென்றால் பேரப்பிள்ளை கூப்பிடும் அதே சொல்லால்தான் பாட்டியும் திரும்பக் கூப்பிடுவாள். அம்மம்மாவை 'ஷிச்சோ' என்றால் அவளும் உங்களை 'ஷிச்சோ' என்பாள். மூன்று வயதுக் குழந்தையும் தலைநரைத்த கிழவியும் ஒருவரையொருவர் ஒரே சொல்லால் அழைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதை நினைத்துப் பார்த்தால் எனக்கு ஏனோ சிரிப்பும் வருகிறது, பிடித்தும் இருக்கிறது.

நாடோடி82:
பழஞ்சுவடி, நன்றி, நாலு நாள் வேலை மிச்சம். மாமியாரை மருமகன் பார்க்கவே கூடாது என்று ஒரு வழக்கம் இருந்ததாமே, அது உண்மையா, இல்லை வெள்ளைக்காரர்கள் கட்டிவிட்டதா?

பழஞ்சுவடி:
உண்மைதான், அந்தக் காலத்தில் மேற்கு அப்பாச்சி, சிரிகாவா இருவரிடமும் இருந்தது. இதைப் பகை என்று எடுத்துக்கொள்ளாதீர்கள், உச்சபட்ச மரியாதை. கல்யாணம் ஆனால் மாப்பிள்ளைதான் பெண்வீட்டார் பக்கம் குடிபோவான். மாமியார் குடில் கூப்பிடு தூரத்தில் இருக்கும், ஆனால் இருவரும் நேருக்கு நேர் வரக்கூடாது. மாமியார் அந்தப் பக்கம் வந்தால் யாராவது குரல் கொடுப்பார்கள், அவன் நகர்ந்துவிடுவான். அவன் வேட்டையாடிக் கொண்டுவரும் மானை மகள் தூக்கிக்கொண்டுபோய் அம்மாவிடம் கொடுப்பாள். சிரிகாவாக்களிடம் இதற்கு ஒரு படி கீழான மரியாதையும் உண்டு, முழுதாக ஒதுங்காத சம்பந்தி உறவுகளிடம் 'நீ' என்று நேராகப் பேசாமல், படர்க்கை மாதிரியான ஒரு தனி வினைவடிவத்தில் பேசுவார்கள். மனைவி செத்துப்போனாலும் அவன் உடனே கிளம்பிவிட முடியாது, அவளுடைய சகோதரி அல்லது சகோதரி முறையில் ஒருத்தியைக் கட்டிவைக்க அந்தக் குடும்பத்துக்கு உரிமை உண்டு. உழைக்கும் கையை எளிதில் விடமாட்டார்கள், என் கணக்கில் காரணம் அவ்வளவுதான்.

வழிப்போக்கன்:
பழஞ்சுவடி சொன்னதோடு ஒன்றைச் சேர்க்க வேண்டும். இதையெல்லாம் பழங்கதை போலப் பேசிக்கொண்டிருக்கிறோம், நடுவில் நடந்ததை விட்டுவிட்டோம். 1872-ல் அரிசோனாவில் சான் கார்லோஸ் ரிசர்வேஷன் வந்தது, அதாவது பழங்குடிகளைக் குடியமர்த்த அரசு ஒதுக்கிய நிலம். 1875 குளிர்காலத்தில் வெர்டே பள்ளத்தாக்கிலிருந்த யாவபாய் என்ற வேறொரு பழங்குடியினரையும், மேற்கு அப்பாச்சிகளில் ஒரு பிரிவான டொன்டோக்களையும் மலை வழியாக நடத்தியே அங்கே கொண்டுபோனார்கள், வழியில் செத்தவர்கள் பலர். ஒருவரோடொருவர் ஒட்டாத கூட்டங்களை ஒரே இடத்தில் அடைத்து, ஆண்கள் கையில் ஓர் உலோக வில்லையைக் கொடுத்தார்கள். கூட்டத்துக்கு ஓர் எழுத்து, ஆளுக்கு ஓர் எண். ரேஷனுக்கும் தலை எண்ணுவதற்கும் அதுதான் அடையாளம். அம்மா வழிக் குலத்துக்கு அந்த வில்லையில் இடமில்லை.

ஆனாலும் குலம் போய்விடவில்லை. பெண் வயதுக்கு வந்தால் மேற்கு அப்பாச்சிகள் நடத்தும் நயீஸ் சடங்கைப் பாருங்கள், நான்கு நாள் விழா. அதில் பெண்ணுக்குத் துணைத்தாயாக ஒருத்தியைத் தேர்ந்தெடுக்க வேண்டும், அவள் பெண்ணின் குலத்தையோ அதற்கு உறவான குலத்தையோ சேர்ந்தவளாக இருக்கக்கூடாது. விடிவதற்கு முன்பே அவள் வீட்டுக்குப் போய்க் காலடியில் கழுகிறகை வைத்துக் கேட்பார்கள், எடுத்துக்கொண்டால் சம்மதம். அன்றிலிருந்து இரண்டு குடும்பமும் சாகும்வரை சொந்தம். ஆக இன்றைக்கும் வீட்டில் யார் எந்தக் குலம் என்று தெரியாமல் அந்தச் சடங்குக்கு ஆள் தேட முடியாது.

நாடோடி82:
இது தெரியாது. ஜெரோனிமோவின் ஆட்களும் சான் கார்லோஸில்தான் இருக்கிறார்களா?

வழிப்போக்கன்:
இல்லை. 1886 செப்டம்பரில் அவர் சரணடைந்தபோது அவரோடு இருந்தவர்களை மட்டும் பிடித்துப் போகவில்லை. சண்டைக்கே வராமல் ரிசர்வேஷனில் இருந்த சிரிகாவாக்களையும், அவரைத் தேடிப்பிடிக்க ராணுவத்துக்கு உதவிய சிரிகாவா ஸ்கவுட்களையும் (தடம் பார்த்து வழிகாட்டியவர்கள்) சேர்த்து ஃபுளோரிடாவுக்கு ரயிலேற்றினார்கள். அப்புறம் அலபாமா, 1894-ல் ஓக்லஹோமாவின் ஃபோர்ட் சில். 27 வருடம் போர்க்கைதிகள். ஜெரோனிமோ 1909-ல் அங்கேயே இறந்தார். 1913-ல் விடுவித்தபோது பெரும்பாலானவர்கள் நியூ மெக்ஸிகோவின் மெஸ்கலேரோ ரிசர்வேஷனுக்குப் போனார்கள், மீதிப்பேர் ஓக்லஹோமாவிலேயே தங்கினார்கள். மெஸ்கலேரோவில் இப்போது சிரிகாவா, மெஸ்கலேரோ, லிபான் மூவரும் ஒரே பழங்குடி அரசின் கீழ்.

வம்சம் தேடுகிறீர்கள் என்பதால் இதையும் குறித்துக்கொள்ளுங்கள்: செத்தவர் பெயரைச் சொல்வது அவர்களிடம் தவிர்க்கப்பட்ட காரியம், அந்தக் காலத்தில் குடிலையும் உடைமைகளையும்கூட எரித்துவிடுவார்கள். அதனால் பழைய தலைமுறைப் பெயர்கள் ஏட்டில் அரைகுறையாக இருந்தால் எழுதியவரை மட்டும் குறை சொல்லாதீர்கள்.

நாடோடி82:
சரி, கடைசியாக ஒன்று. அட்டவணையில் ஜெரோனிமோவுக்கு நேரே குலம் என்ற கட்டத்தில் என்ன போட?

பழஞ்சுவடி:
ஒரு கோடு போடுங்கள். பக்கத்தில் 'கூட்டம்' என்று இன்னொரு கட்டம் திறந்து பெதொன்கொஹே என்று எழுதுங்கள்.