புதுப்பிப்பு: தாத்தா டிவியில் நடித்தது உண்மைதான்

மதுரைப் பக்கம் ஸ்பெஷல் நாடகங்களில் (விடிய விடிய நடக்கும் மேடை நாடகங்கள்) பபூன், அதாவது கோமாளி, வேடம் கட்டிய என் தாத்தா, சென்னைத் தொலைக்காட்சியின் ஆரம்ப காலத்தில் நடித்தாரா, ஆதாரத்தை எங்கே தேடலாம் என்று போன மாதம் கேட்டிருந்தேன். யோசனை சொன்ன எல்லோருக்கும் நன்றி. ஆதாரம் கிடைத்துவிட்டது.

"வீடியோவைத் தேடாதீர்கள், கூட வாசித்தவர்களைத் தேடுங்கள்" என்று ஒருவர் எழுதியிருந்தார். அதுதான் பலித்தது. சுண்ணாம்புக்காரத் தெரு நாடக நடிகர் சங்கத்தில் விசாரித்து, தாத்தாவுக்கு ஆர்மோனியம் வாசித்த பெரியவரைக் கண்டுபிடித்தேன். தகரப் பெட்டியிலிருந்து சென்னைத் தொலைக்காட்சியின் ஒப்பந்தக் கடிதம் ஒன்றை எடுத்துத் தந்தார். 1978-ஆம் வருடத்துக் கடிதம். மடிப்பெல்லாம் கிழிந்து, சோற்றுப் பசையால் ஒட்டியிருந்தது. தாத்தா பெயரும் அவர் பெயரும் அடுத்தடுத்து இருந்தன.

எதிர்பாராதது என்னவென்றால், தாத்தா நடித்தது பபூனாக இல்லை. 'வயலும் வாழ்வும்' என்ற விவசாய நிகழ்ச்சியில் ஒரு சின்ன நாடகத்தில் விவசாயியாக. "விடிய விடிய ஆடுற மனுசன்ப்பா, அங்கே பத்தே நிமிசத்துல முடிச்சிட்டாங்க" என்றார் பெரியவர்.

வீட்டில் யாரும் ஏன் பார்க்கவில்லை என்பதும் புரிந்தது. 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கிய சென்னை நிலையத்தின் ஒளிபரப்பு அப்போது மதுரை வரை எட்டாது. அப்பத்தா கடைசிவரை அதைப் பார்க்கவே இல்லை.

என்னைப் போலத் தேடுகிறவர்கள் முதலில் பக்கவாத்தியக்காரர்கள் வீட்டில் கேளுங்கள்.