புல உமிழ்வா, புலவழி உமிழ்வா? கார்பன் நானோகுழல் பற்றிய இழைக்கு என் பதில்

குழு நண்பர்கள் எல்லாருக்கும் வணக்கம்.

வலுவான மின்புலம் ஒரு பொருளிலிருந்து எலக்ட்ரானை வெளியேற்றும் நிகழ்வுக்கு (field emission) நல்ல தமிழ்ச் சொல் தேடி மூன்று நாளாக ஓடும் இந்த இழையில் நான் வாய் திறக்கவில்லை. இரவு வேலை, வீட்டுக்கு வந்தால் தூக்கம்தான். இன்று ஓய்வு நாள். மலேசியாவின் கெடா மாநிலத்தில், எங்கள் பாடாங் செராயில் விடிந்ததிலிருந்து மழை. ஆற அமர எழுத உட்கார்ந்திருக்கிறேன், கொஞ்சம் நீளும்.

சிரம்பான் டீச்சர் முதலில் கேட்டது இது:

> மின்புலம் கொடுத்ததும் கார்பன் நானோகுழலின் நுனியிலிருந்து எலக்ட்ரான் வெளியேறுகிறது. இதற்குப் "புல உமிழ்வு" என்று போட்டிருக்கிறார்கள். மாணவர்களுக்கான கட்டுரையில் அப்படியே எழுதலாமா?

(நானோகுழல் என்பது கார்பன் அணுக்களால் ஆன, கண்ணுக்குத் தெரியாத மிக மெல்லிய குழல்.) எழுதலாம் என்று பலர் சொல்லிவிட்டீர்கள். வேண்டாம் என்பது என் கருத்து. அதற்கான காரணத்தை எனக்குக் காட்டியது ஓர் இடைநிலைப் பள்ளி ஐந்தாம் படிவ மாணவி.

சனிக்கிழமை மாலையில் இங்கே தோட்டத்துக் கோயில் மண்டபத்தில் பிள்ளைகளுக்கு இயற்பியல் சொல்லிக் கொடுக்கிறேன். பள்ளியில் மலாயில் படித்துவிட்டு வருவார்கள். "பஞ்சாரான் தெர்மியோன்" (வெப்பத்தால் எலக்ட்ரான் வெளியேறுவதற்கு மலாய்ப் பெயர்) என்றால் தேர்வுக்கு எழுதத் தெரியும். அது என்ன என்று தமிழில் கேட்டால் முழிப்பார்கள். அதனால் ஒவ்வொன்றையும் தமிழில் ஒருமுறை சொல்லிவிட்டுத்தான் கணக்குக்குப் போவேன். இரண்டு வாரத்துக்கு முன், நான் வேலையில் கையாளும் நுண்ணோக்கியைப் பற்றிப் பேச்சு வந்தது. வெண்பலகையில் "புல உமிழ்வு" என்று எழுதினேன். முன்வரிசைப் பிள்ளை உடனே கேட்டது:

"சார், அப்போ புலம் எங்கருந்து வெளிய வருது?"

புலம் வராது, எலக்ட்ரான்தான் வரும் என்றேன்.

"போன வாரம் ஒளி உமிழ்வுன்னா ஒளி வெளிய வர்றதுன்னு சொன்னீங்களே சார்."

பேனாவின் மூடியைக் கழற்றுவதும் மாட்டுவதுமாக நின்றேன். அந்தப் பிள்ளை கேட்டது இயற்பியல் கேள்வி அல்ல, தமிழ்க் கேள்வி. கேட்டது முழுக்கச் சரி.

இலக்கணத்தில் நாம் எல்லாரும் படித்ததுதான். "பால் குடித்தான்" என்றால் பாலைக் குடித்தான், இரண்டாம் வேற்றுமைத் தொகை. "தலை வணங்கினான்" என்றால் தலையால் வணங்கினான், மூன்றாம் வேற்றுமைத் தொகை. உருபு மறைந்திருக்கும்போது எது மறைந்திருக்கிறது என்பதைப் பழக்கம்தான் சொல்கிறது. "உமிழ்வு" என்ற சொல்லுக்கு முன்னால் எது வந்தாலும் நம் காது "ஐ" உருபையே போட்டுக்கொள்கிறது. ஒளி உமிழ்வு, ஒளியை உமிழ்தல். கரிவளி உமிழ்வு, கரிவளியை உமிழ்தல். எலக்ட்ரான் உமிழ்வும் அப்படியே. இந்த வரிசையில் "புல உமிழ்வு" வந்து நின்றால் புலத்தை உமிழ்தல் என்றுதான் பொருள்படும். நாம் சொல்ல வந்ததோ புலத்தால் உமிழ்தல்.

இந்தச் சிக்கல் இதோடு நிற்கவில்லை. "வெப்ப உமிழ்வு" என்று எழுதினால் அடுப்பு வெப்பத்தை விடுவதா, வெப்பத்தால் எலக்ட்ரான் வெளியேறுவதா? "ஒளி உமிழ்வு" என்றால் விளக்கு ஒளி தருவதா, ஒளி பட்டு எலக்ட்ரான் வெளியேறுவதா? ஒரே தொடர் இரண்டு நேர்மாறான நிகழ்வுகளைக் குறிக்கிறது. இதைச் சரி செய்யாமல் மூன்றாவதாக ஒன்றைச் சேர்த்துக்கொண்டே போகக்கூடாது என்பதுதான் என் வாதம்.

இன்னொரு சின்ன உறுத்தல். புணர்ச்சியோடு சேர்த்து எழுதினால் "புலவுமிழ்வு" ஆகிறது. புலவு என்றால் இறைச்சி, புலால் நாற்றம். பாடப்புத்தகத்தில் அது எதற்கு?

சரி, நிகழ்வு என்ன என்பதை ஒருமுறை பார்த்துவிடுவோம். சொல் அதிலிருந்துதான் வர வேண்டும்.

உலோகத்துக்குள் இருக்கும் எலக்ட்ரான் தானாக வெளியே வராது. மேற்பரப்பில் ஓர் ஆற்றல் தடை இருக்கிறது. கார்பன் நானோகுழலில் அந்தத் தடை ஏறத்தாழ 4.5 முதல் 5 எலக்ட்ரான் வோல்ட். சூடேற்றினால் சில எலக்ட்ரான்கள் தடையை ஏறித் தாண்டும். டங்ஸ்டன் இழையை 2,000 பாகை செல்சியசுக்கு மேல் சூடாக்குவது இதற்காகத்தான். தகுந்த ஒளி பட்டாலும் தாண்டும். மூன்றாவது வழி வேறு மாதிரி. மிக வலுவான மின்புலத்தைக் கொடுத்தால் தடையே மெலிந்துபோகிறது. 1.5 நானோமீட்டர் அளவுக்கு மெலிந்ததும் எலக்ட்ரான் ஏறித் தாண்டாமல் ஊடே புகுந்து வெளியே வந்துவிடும். சூடு தேவையில்லை. 1897இல் ஆர். டபிள்யூ. உட் இதைக் கண்டார். 1928இல் ஃபௌலரும் நோர்ட்ஹைமும் குவாண்டம் இயற்பியலை வைத்துக் கணக்கிட்டு விளக்கினார்கள்.

எவ்வளவு வலுவான புலம்? ஒரு நானோமீட்டருக்கு 3 வோல்ட் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு மில்லிமீட்டர் இடைவெளிக்கு அதைக் கொண்டுவர 3 மில்லியன் வோல்ட் வேண்டும். நடைமுறையில் ஆகாத காரியம். அங்கேதான் கூர்மை கைகொடுக்கிறது. நம் கோயில் கோபுரத்து இடிதாங்கியைப் பாருங்கள். கடத்தியின் கூரான நுனியில் மின்புலம் குவியும். நானோகுழலும் அப்படித்தான், ஆனால் இயற்கையாகவே அதைவிடப் பல மடங்கு கூரானது. 5 மைக்ரோமீட்டர் நீளம், நுனியின் ஆரம் 5 நானோமீட்டர் என்றால், நீளம் ஆரத்தைப் போல 1,000 மடங்கு. புலமும் நுனியில் ஏறத்தாழ அத்தனை மடங்கு பெருகும். ஆக, வெளியே மைக்ரோமீட்டருக்கு 3 வோல்ட் கொடுத்தாலே நுனியில் நானோமீட்டருக்கு 3 வோல்ட் கிடைத்துவிடும். 1991இல் ஜப்பானிய இயற்பியலாளர் சுமியோ இஜிமாவின் கட்டுரையால் நானோகுழல் உலகின் கண்ணில் பட்டது. நான்கே ஆண்டில், 1995இல், சுவிட்சர்லாந்தின் லோசானிலும் அமெரிக்காவின் ரைஸ் பல்கலைக்கழகத்திலும் அதிலிருந்து எலக்ட்ரானை வெளியேற்றிக் காட்டிவிட்டார்கள்.

நான் வேலையில் கையாளும் வருடு எலக்ட்ரான் நுண்ணோக்கியிலும் இதே நிகழ்வுதான். நுனி மட்டும் டங்ஸ்டன். அந்த நுனி கண்ணுக்குத் தெரியாது. கம்பி தெரியும், அதன் கூர் எங்கே முடிகிறது என்று தெரியாது. ஒளிர்வதுமில்லை, சுடுவதுமில்லை. ஆனால் அதிலிருந்து கிளம்பும் கற்றைதான் தலைமுடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு விரிசலையும் எனக்குத் திரையில் காட்டுகிறது. அதனால் இதற்கு ஒரு நல்ல தமிழ்ச் சொல் வேண்டும் என்பதில் எனக்குச் சொந்த ஆசையும் உண்டு.

இனி, நீங்கள் முன்வைத்த சொற்கள்.

ஈப்போ அண்ணன் "புலத்தூண்டு உமிழ்வு" என்றார். புலம் காரணம் என்பது அதில் தெளிவாகத் தெரிகிறது, உண்மை. ஆனால் தூண்டல் என்ற சொல்லுக்கு ஏற்கெனவே இரண்டு வேலை. மின்காந்தத் தூண்டல் ஒன்று, லேசரில் வரும் தூண்டப்பட்ட உமிழ்வு இன்னொன்று. இரண்டாவதோடு இது நேராக மோதும்.

யாழ்ப்பாணத்து நண்பர் "புலக்காலல்" என்றார். இலங்கைப் பாடநூல்களில் உமிழ்வுக்குக் காலல் என்றே வழங்குகிறது என்பதை நானும் அறிவேன். பழைய சொல், கம்பீரமான சொல். அங்கே படித்தவர்களுக்கு அது வீட்டுச் சொல், அவர்கள் அதையே வைத்துக்கொள்ளட்டும். இங்கே என் பிள்ளைகள் காதில் "கால்" என்றுதான் விழும். அதோடு, ஐயா, புலத்தைக் காலுவதா புலத்தால் காலுவதா என்ற கேள்வி அங்கேயும் அப்படியே நிற்கிறதே?

கிள்ளான் தம்பி சொன்ன "புலவீர் உமிழ்வு" எனக்கு முதலில் மிகவும் பிடித்திருந்தது. புலம் ஈர்க்கும் உமிழ்வு, நல்ல வினைத்தொகை. பினாங்கு ஐயா எடுத்துக்காட்டிய பிறகுதான் உறைத்தது: "புலவீர்" என்பது புலவர்களை நோக்கிய விளி. அதைப் படித்த பின் என்னால் வேறு விதமாகப் படிக்கவே முடியவில்லை.

என் முன்மொழிவு மின்புலவழி உமிழ்வு. ஒரு கட்டுரையில் முதல்முறை இப்படி முழுதாக எழுதிவிட்டு, பிறகு "புலவழி உமிழ்வு" என்று சுருக்கிக்கொள்ளலாம்.

"வழி" என்ற சொல் இந்த வேலையை நம்மிடம் எப்போதோ செய்யத் தொடங்கிவிட்டது. தமிழ்வழிக் கல்வி என்கிறோம். வாய்வழி மருந்து என்கிறோம். இயங்கலை வழிக் கூட்டத்துக்கு அழைப்பு வருகிறது. எங்கேயும் யாரும் "தமிழைக் கற்கிறார்களா, தமிழால் கற்கிறார்களா" என்று கேட்பதில்லை. மறைந்திருக்கும் மூன்றாம் வேற்றுமையை அது வெளியே காட்டிவிடுகிறது. அதைவிடப் பெரிய லாபம், மொத்தக் குடும்பமும் ஒழுங்காகிறது: வெப்பவழி உமிழ்வு, ஒளிவழி உமிழ்வு, புலவழி உமிழ்வு. ஒளி உமிழ்வு என்றால் ஒளி வெளியே வருவது; ஒளிவழி உமிழ்வு என்றால் ஒளி பட்டு எலக்ட்ரான் வெளியே வருவது. எதைக் கொடுத்தோம் என்பது "வழி"க்கு முன்னால் இருக்கிறது, அவ்வளவுதான்.

வழி என்றால் பாதை என்று பொருள்படாதா என்று பினாங்கு ஐயா கேட்பார் என எதிர்பார்க்கிறேன். படலாம் ஐயா. பட்டாலும் கேடில்லை, திசை மாறாது. "புல உமிழ்வு" திசையையே மாற்றிவிடுகிறது.

அப்புறம், உமிழும் பொருளுக்கு என்ன பெயர்? "உமிழி" என்று பலர் எழுதியிருக்கிறீர்கள். டிரான்சிஸ்டரின் மூன்று முனைகளில் ஒன்றுக்கு அந்தப் பெயர் போய்விட்டது. மின்னணு ஆலைகள் நிறைந்த கூலிமில் வேலை செய்கிற என்னைப் போன்றவர்களுக்கு உமிழி என்றால் அதுதான் நினைவுக்கு வரும். இங்கே வேலை செய்வது நுனி. ஆகவே உமிழ்முனை. உமிழ்ந்த முனை, உமிழ்கிற முனை, உமிழும் முனை, மூன்று காலமும் அடங்கிய வினைத்தொகை. கார்பன் நானோகுழல் உமிழ்முனை, டங்ஸ்டன் உமிழ்முனை என்று எதோடும் சேரும்.

குழாயா குழலா என்ற சண்டையில் நான் குழல் பக்கம். குழாய் என்றதும் தண்ணீர்க் குழாய்தான் கண்ணில் வருகிறது. கார்பனைக் கரிமம் ஆக்க வேண்டாம், கரிம வேதியியலோடு குழம்பும். நானோ நானோவாகவே இருக்கட்டும்.

ஒரு சொல்லுக்கு மட்டும் கொஞ்சம் இடம் கேட்கிறேன். நானோகுழல்களைக் காடு போல நெருக்கமாக வளர்த்தால் உமிழ்வு கூடும் என்றுதான் நினைப்போம். குறையும். பக்கத்துக் குழல் புலத்தை மறைத்துவிடுவதால் எந்த நுனியிலும் போதிய அளவு புலம் குவிவதில்லை. குழலின் உயரத்தைப் போல ஏறத்தாழ இரு மடங்கு இடைவெளி விட்டால்தான் மொத்தப் பரப்பிலிருந்தும் நல்ல மின்னோட்டம் கிடைக்கிறது. இதற்குத் "திரையிடல்" என்று ஒருவர் எழுதியிருந்தார். படம் திரையிடுவது போல இருக்கிறது.

என் அப்பா தோட்டத்தில் மண்டோராக (கண்காணியாக) இருந்தவர். செம்பனை மறுநடவு வரும்போது கயிறு பிடித்து, முக்கோணமாக 9 மீட்டருக்கு ஒரு குச்சி ஊன்றுவார்கள். கயிற்றின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு நானும் வெயிலில் நின்றிருக்கிறேன். இன்னும் கொஞ்சம் நெருக்கி நட்டால் நிறையக் குலை கிடைக்குமே என்று கேட்டதற்கு, "நெருக்கி நட்டா ஒன்னோட மட்டை இன்னொன்ன மறைச்சிடும், மரம் வெளிச்சத்த தேடி மேல மேல போகும், குலை வராது" என்றார். நானோகுழலைப் பற்றி முதலில் படித்தபோது அப்பா சொன்னதுதான் நினைவுக்கு வந்தது. அதனால் இதற்கு நெருக்க மறைப்பு என்று சொல்லலாம். தோட்டத்துப் பிள்ளைகளுக்கு விளக்கமே வேண்டாம். எலக்ட்ரான் தடையின் ஊடே போவதற்குச் "சுரங்கமிடல்" சரியா என்பதைத் தனி இழையில் பேசுவோம்; எலக்ட்ரான் எதையும் தோண்டுவதில்லை என்பதை மட்டும் இப்போதைக்குச் சொல்லி வைக்கிறேன்.

சொற்கள் நடமாடுகின்றனவா என்று பார்க்க ஒரு பத்தி எழுதிப் பார்த்தேன்:

> எக்ஸ்-கதிர்க் குழாயில் எலக்ட்ரானைப் பெற வழக்கமாக வெப்பவழி உமிழ்வையே பயன்படுத்துவர். இழை சூடாக வேண்டும், அதற்கு நேரமும் மின்சாரமும் செலவாகும். புலவழி உமிழ்வில் மின்னழுத்தம் கொடுத்த கணமே எலக்ட்ரான் வரும், நிறுத்திய கணமே நிற்கும். கார்பன் நானோகுழல்களை உமிழ்முனைகளாக வைத்து இத்தகைய எக்ஸ்-கதிர்க் கருவிகளை உருவாக்கியுள்ளனர். நெருக்க மறைப்பு நேராதபடி குழல்களை இடம்விட்டு அமைக்க வேண்டும்.

போன சனிக்கிழமை இந்தப் பத்தியைப் பலகையில் எழுதி, ஒன்றும் விளக்காமல், "புலவழி உமிழ்வில் எது வெளியே வருகிறது?" என்று கேட்டேன். ஒன்பது பிள்ளைகள், ஒன்பது பேரும் எலக்ட்ரான் என்றே எழுதினார்கள். ஒரு பையன் மட்டும் "புல"த்துக்கு முன்னால் "மின்" இல்லாவிட்டால் காந்தப்புலம் என்று நினைத்துவிடலாமே என்றான். முதல்முறை முழுதாக எழுத வேண்டும் என்று மேலே சொன்னேனே, அது அவன் சொல்லி வந்தது.

சிரம்பான் டீச்சர், கட்டுரை அச்சுக்குப் போக எத்தனை நாள் இருக்கிறது? பினாங்கு ஐயா "வழி"யைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் நல்லது. யாழ்ப்பாணத்து நண்பருக்கு ஒரு வேண்டுகோள்: "புலவழிக் காலல்" என்று உங்கள் மாணவர்களிடம் சொல்லிப் பார்த்து, எது வெளியே வருகிறது என்று அவர்கள் நினைக்கிறார்கள் என எழுதுங்கள்.

அன்புடன்,
பாடாங் செராயிலிருந்து