அப்பாயியின் மனைப் பட்டா: சட்டமன்ற உறுப்பினராகக் கலைஞரைக் கண்ட டெல்டாக்காரர்களின் அனுபவங்கள்

திருவாரூர் அருகிலிருந்து:

கலைஞர் மு. கருணாநிதியை முதலமைச்சராகவும் வசனகர்த்தாவாகவும் நினைவுகூர்வோர் பலர் இருக்கிறார்கள். எங்கள் பகுதியில் அவரைத் தொகுதி உறுப்பினராக அறிந்தவர்கள் தங்கள் அனுபவங்களை இங்கே எழுதினால் நன்றாக இருக்கும் என்பதால், நானே தொடங்கிவைக்கிறேன். 1957-ல் குளித்தலையில் முதன்முதலாக நின்றவர், 2016-ல் திருவாரூர் வரை 13 முறை போட்டியிட்டு ஒருமுறையும் தோற்றதில்லை. 1984 பொதுத்தேர்தலில் மட்டும் அவர் நிற்கவில்லை. சைதாப்பேட்டை, அண்ணா நகர், துறைமுகம், சேப்பாக்கம் என்று நெடுங்காலம் சென்னைத் தொகுதிகளில் இருந்துவிட்டு, திருக்குவளையில் பிறந்து திருவாரூரில் படித்த அவர் 2011-ல்தான் சொந்த மண்ணில் வேட்பாளரானார்.

2016 தேர்தலின்போது எங்கள் அப்பாயி, அதாவது அப்பாவின் அம்மா, எண்பது வயதைக் கடந்திருந்தார். வாசல் தாண்டுவதே சிரமமாக இருந்த நிலையிலும், “ஒரு தடவை என்னைக் கூட்டிக்கிட்டுப் போய்க் காட்டிடுடா” என்று இரண்டு நாள் விடாமல் கேட்டதால், ஆட்டோவில் ஏற்றித் தேரோடும் வீதி ஒன்றின் ஓரத்தில் நாற்காலி போட்டு உட்கார வைத்தேன். பிரசார வேன் வந்தது. மஞ்சள் சால்வையும் கறுப்புக் கண்ணாடியுமாக, உட்கார்ந்தபடியே அவர் கையை உயர்த்தினார். வேன் எங்களைக் கடந்து செல்ல அரை நிமிடம் கூட ஆகியிருக்காது. அப்பாயி கும்பிட்ட கையை இறக்கவில்லை, எதுவும் பேசவுமில்லை.

வீட்டுக்குத் திரும்பியதும் தகரப் பெட்டியைத் திறந்து, பிளாஸ்டிக் உறைக்குள் நான்காக மடித்து வைத்திருந்த மனைப் பட்டாவை எடுத்து என் மடியில் வைத்தார். மடிப்புகளில் தாள் கிழிந்து, மஞ்சள் நிறத்துக்கு மாறி, முத்திரையின் மை நீலத் திட்டாகப் பரவியிருந்தது. மிராசுதாரின் திடலில் குடிசை போட்டிருந்த பண்ணையாட்களுக்கு அந்த இடம் சொந்தமாக இருந்ததில்லை. கூலி கூடக் கேட்டாலோ, செங்கொடிச் சங்கத்தில் சேர்ந்தாலோ, மனையை விட்டுப் போகச் சொல்லிவிடுவார்கள். அப்படி வெளியேற்ற முடியாதபடி குடியிருப்பு மனையை அதில் வாழ்பவருக்கே உரிமையாக்கியது, கலைஞர் ஆட்சியில் நிறைவேறிய 1971-ஆம் ஆண்டின் குடியிருப்புச் சட்டம். கம்யூனிஸ்ட் தோழர்கள் பல ஆண்டுகள் அடிபட்டும் சிறை சென்றும் எழுப்பிய கோரிக்கை அது என்பதை மறக்கக் கூடாது. அதைச் சட்டமாக்கியவர் இவர் என்பதையும் மறக்கக் கூடாது.

பட்டா வரும்வரை அப்பாயி வாசலில் தென்னை வைத்ததே இல்லையாம். காய்ப்புக்கு வரும்வரை அங்கே இருப்போமா என்ற நிச்சயம் இல்லாத இடத்தில் யார் தென்னை வைப்பார்கள்? பட்டா கைக்கு வந்த வாரமே மூன்று கன்றுகள் வைத்திருக்கிறார்.

குளித்தலையிலிருந்து:

என்னுடைய அனுபவம் அப்பாவின் வழியாகக் கிடைத்தது. 1957 தேர்தலில் வேட்பாளருக்கு வயது 32. தாத்தாவின் தோளில் உட்கார்ந்து அவரைப் பார்த்ததாக அப்பா சொல்வார். அந்தத் தேர்தலில் பேரவைக்குச் சென்ற தி.மு.க.வினர் 15 பேர்தான். எங்கள் பக்கத்து நங்கவரம் பண்ணை நிலங்களில் உழுதவர்களின் வழக்கு அப்போது கொதித்துக்கொண்டிருந்தது. பேரவையில் அவர் பேசிய முதல் பேச்சே நங்கவரம் விவசாயிகளைப் பற்றியதுதான். தாத்தாவுக்கு எழுத்துத் தெரியாது. டீக்கடையில் ஒருவரைப் பத்திரிகைச் செய்தியை மூன்று முறை வாசிக்கச் சொல்லி, ஊர்ப் பெயர் வரும் இடத்தில் ஒவ்வொரு முறையும் தலையை ஆட்டினாராம்.

சாகுபடிதாரர் பாதுகாப்புச் சட்டம் 1955-லேயே வந்துவிட்டதே என்று சிலர் கேட்கலாம். வாய்ப்பேச்சில் குத்தகைக்கு உழுதவனின் பெயர் எந்தப் பதிவேட்டிலும் இல்லாதபோது, அந்தச் சட்டம் அவன் வரப்பு வரை வந்து சேரவில்லை. குத்தகை உரிமையைப் பதிவு செய்யும் சட்டம் 1969-ல் வந்த பிறகே, கிராமக் கணக்கில் தாத்தாவின் பெயர் ஏறியது.

தஞ்சாவூரிலிருந்து:

நான் அவருடைய கட்சிக்கு வாக்களித்தவன் அல்லன். இருந்தாலும் 1962-ல் எங்கள் தஞ்சாவூர்த் தொகுதி அவரைத் தேர்ந்தெடுத்தது என்பதையும், அண்ணாவே காஞ்சிபுரத்தில் தோற்ற அந்தத் தேர்தலுக்குப் பிறகு அவர் எதிர்க்கட்சித் துணைத் தலைவரானார் என்பதையும் பதிவு செய்ய விரும்புகிறேன்.

காவிரி விஷயத்தில் எனக்கு மனத்தாங்கல் உண்டு. காவிரி நீருக்காக உச்ச நீதிமன்றத்தில் தொடுத்த வழக்கை 1972-ல் அவர் தலைமையிலான தமிழக அரசு திரும்பப் பெற்றதை, குறுவை காயும் ஒவ்வொரு ஆண்டும் எங்கள் ஊர்க் களத்துமேட்டில் யாராவது ஒருவர் நினைவூட்டிவிடுவார். ஆனால் நடுவர் மன்றம் அமைந்த 1990-ஆம் ஆண்டிலும் அவர்தான் முதலமைச்சர். 2007-ல் தமிழகத்தின் பங்கு 419 டி.எம்.சி. என்று அந்த மன்றத்தின் இறுதித் தீர்ப்பு வந்தபோதும் அவர்தான். ஒன்றை மட்டும் பேசிவிட்டு மற்றதை விட்டுவிடுவது நியாயமாகாது என்றே எனக்குத் தோன்றுகிறது. அவரை ஒரே ஒருமுறை, திருமண வீடு ஒன்றில் தொலைவில் நின்று பார்த்திருக்கிறேன். வழக்கைப் பற்றிக் கேட்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டே நின்றேன். கூட்டத்தில் நெருங்க முடியவில்லை.

திருவாரூர் அருகிலிருந்து மீண்டும்:

தென்னை என்ன ஆயிற்று என்று ஒரு நண்பர் தனியே கேட்டிருந்தார். 2018 ஆகஸ்ட் 7 அன்று கலைஞர் மறைந்த செய்தி வந்தபோது, அப்பாயி அந்த மரத்தடியில்தான் உட்கார்ந்திருந்தார். அதே ஆண்டு நவம்பரில் அடித்த கஜா புயலில் இரண்டு மரங்கள் சாய்ந்தன. மூன்றாவது இன்னும் காய்க்கிறது.