ஒளி பற்றிய அறிமுக நூல்கள்: படிக்கும்போது எங்கே முட்டுகிறது? (பட்டகம், கானல், கீற்றணி, நுண்ணோக்கி என்ற புனைபெயர்களில் நால்வர் பேசுகிறார்கள்.)

பட்டகம்:

இயற்பியலாளர் ரிச்சர்ட் ஃபெயின்மன் ஒளியும் பொருளும் ஊடாடுவதைப் பற்றி எழுதிய 'க்யூ.இ.டி.'யிலிருந்தே தொடங்குகிறேன். 1983இல் லாஸ் ஏஞ்சலஸில் உள்ள கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தில் பொதுமக்களுக்காக அவர் ஆற்றிய நான்கு உரைகள் 1985இல் நூலாக வந்தன. சமன்பாடுகள் இல்லாத நூல் என்று கேள்விப்பட்டு, நாவல் படிப்பதுபோல் படிக்கத் தொடங்குபவர்கள் முதல் உரை முடிவதற்குள் நின்றுவிடுகிறார்கள். வரைபடத்தாள், அளவுகோல், பாகைமானி மூன்றையும் பக்கத்தில் வைத்துக்கொண்டால் அதே உரை திறந்துகொள்கிறது.

முட்டும் இடம் இதுதான். கண்ணாடியின் ஒரு பரப்பில் நேராக விழும் ஒளியில் 4 சதவீதம் திரும்பி வருகிறது. முன்பரப்பு, பின்பரப்பு என இரண்டு இருந்தால் 8 வர வேண்டும் என்றுதான் யாரும் நினைப்போம். ஆனால் ஒரே நிற ஒளியைப் பயன்படுத்தினால், தடிமனைப் பொறுத்து 0 முதல் 16 வரை எதுவும் வருகிறது. ஃபெயின்மன் சதவீதங்களைக் கூட்டுவதில்லை, அம்புகளைக் கூட்டுகிறார். ஒவ்வொரு பரப்புக்கும் 0.2 நீளமுள்ள ஓர் அம்பு. கூட்டி வந்த அம்பின் நீளத்தை இருமடியாக்கினால் நிகழ்தகவு.

தாளில் 0.1க்கு 1 செ.மீ. என்று வைத்து, 2 செ.மீ. அம்புகள் இரண்டை வரையுங்கள். முன்பரப்புக்குரிய அம்பை மட்டும் எதிர்ப்பக்கம் திருப்பிவிட வேண்டும். இதை மறந்தால் விடைகள் அத்தனையும் தலைகீழாக வரும். ஒளி ஓர் அலைநீளத் தூரம் போவதற்குள் அதன் அம்பு ஒரு முழுச் சுற்றுச் சுற்றும். சிவப்பு ஒளியின் அலைநீளம் 650 நானோமீட்டர், கண்ணாடியின் ஒளிவிலகல் எண் 1.5 என்று எடுத்துக்கொண்டால், கண்ணாடிக்குள் அலைநீளம் 433 நா.மீ. தடிமன் ஏறக்குறைய சுழியம் என்றால் அம்புகள் எதிரெதிராக நின்று ஒன்றையொன்று அழித்துவிடும், விடை 0. தடிமன் 54 நா.மீ. என்றால் ஒளி உள்ளே போய்த் திரும்ப 108, அதாவது கால் சுற்று. அம்புகள் செங்குத்தாக நிற்கும், கூட்டினால் 2.8 செ.மீ., விடை 8 சதவீதம். 108 நா.மீ. தடிமனில் இரண்டும் ஒரே திசையில் சேர்ந்து 4 செ.மீ. ஆகும், விடை 16. 217இல் மறுபடி 0. இந்த நான்கு படங்களையும் கையால் வரைந்தவருக்கு முதல் உரையில் பிறகு இடறல் இருக்காது.

கானல்:

இதையடுத்து எல்லோருக்கும் வரும் கேள்வி: "எங்கள் வீட்டு ஜன்னல் கண்ணாடியில் இந்த ஏற்ற இறக்கம் ஏன் தெரியவில்லை?" 4 மி.மீ. கண்ணாடிக்குள் போய்த் திரும்புவதற்குள் சிவப்பு ஒளியின் அம்பு பதினெட்டாயிரம் சுற்றுக்கு மேல் சுற்றிவிடும். அலைநீளம் கடுகளவு மாறினாலும் சுற்றின் எண்ணிக்கை மாறிவிடும். வெள்ளை ஒளியில் அலைநீளங்கள் எல்லாம் கலந்திருப்பதால் 0 முதல் 16 வரையிலான விடைகளும் கலந்து, சராசரியாக 8 மட்டும் கண்ணுக்கு வருகிறது. நாம் முதலில் போட்ட தப்புக்கணக்கின் விடையும் இந்தச் சராசரியும் ஒன்றாக இருப்பதுதான் குழப்பத்தின் வேர்.

ஏற்ற இறக்கத்தைக் கண்ணால் பார்க்க மெல்லிய படலம் வேண்டும். பாத்திரம் கழுவும் திரவம் ஒரு பங்கு, தண்ணீர் பத்துப் பங்கு, கொஞ்சம் கிளிசரின். அதில் ஒரு வளையலை முக்கி எடுத்து, செங்குத்தாகப் பிடித்து, பின்னால் கறுப்புத் துணி வைத்து, வானவெளிச்சம் படலத்தில் பிரதிபலிக்கும்படி பாருங்கள். வண்ணப்பட்டைகள் கீழே இறங்கும். உடைவதற்குச் சற்றுமுன் மேல்விளிம்பு கறுத்துவிடும். அங்கே படலம் கிழிந்துவிடவில்லை. தடிமன் மிகக் குறைந்து, பட்டகம் சொன்ன எதிரெதிர் அம்பு நிலைக்கு வந்துவிட்டது, அவ்வளவுதான். சோப்பு நீரின் ஒரு பரப்பில் 2 சதவீதமே திரும்புவதால் இங்கே உச்சம் 16 அல்ல, 8. காற்று வீசும் இடத்தில் செய்தால் கறுப்புப் பகுதி வருமுன்பே உடைந்துவிடும். மின்விசிறியை நிறுத்திவிடுங்கள்.

இன்னொன்று. அம்பு என்பது ஒளி போகும் திசை என்று எடுத்துக்கொள்கிறவர்கள் உண்டு. அதற்கும் வெளியில் உள்ள எந்தத் திசைக்கும் தொடர்பில்லை. அது ஒரு கடிகார முள்ளின் நிலை மட்டுமே. சிவப்பு ஒளிக்கு அந்த முள் ஓர் அங்குலத்துக்கு 36,000 முறை சுற்றும் என்று நூல் சொல்கிறது. 25.4 மி.மீட்டரை 36,000ஆல் வகுத்தால் 706 நா.மீ. பள்ளியில் படித்த அலைநீளம் அங்கே ஒளிந்திருக்கிறது.

கீற்றணி:

இரண்டாம் உரையில் "ஒளி எல்லாப் பாதையிலும் போகிறது" என்ற வரியைத்தான் அதிகம் பேர் மாயாஜாலமாக எடுத்துக்கொள்கிறார்கள். ஒரு கணக்குப் போட்டால் போதும். விளக்கும் கண்ணும் படுக்கையாக வைத்த முகம்பார்க்கும் கண்ணாடிக்கு 1 மீட்டர் உயரத்தில், ஒன்றுக்கொன்று 2 மீட்டர் தள்ளி இருக்கின்றன. ஒளி கண்ணாடியின் சரியான நடுவில் பட்டு வந்தால் பாதை 2.828427 மீட்டர். படும் புள்ளியை 1 மி.மீ. நகர்த்தினால் பாதை 0.35 மைக்ரோமீட்டர் மட்டுமே கூடும், சிவப்பு ஒளிக்கு ஏறக்குறைய அரைச் சுற்று. இதே 1 மி.மீட்டரை நடுவிலிருந்து 50 செ.மீ. தள்ளிய இடத்தில் நகர்த்துங்கள். பாதை 385 மைக்ரோமீட்டர் மாறும், 590 சுற்றுகள்! ஓரங்களில் அடுத்தடுத்த அம்புகள் எல்லாத் திசைகளிலும் சிதறி ஒன்றையொன்று தின்றுவிடுகின்றன. நடுவில் உள்ளவை மட்டும் சேர்ந்து நிற்கின்றன. கால்குலேட்டரில் ஏழு தசம இடமாவது வேண்டும், இல்லாவிட்டால் வித்தியாசம் சுழியம் என்று காட்டிவிடும்.

பட்டகம்:

கீற்றணியின் கணக்கு அருமை. அந்த ஓரத்தில் குறிப்பிட்ட இடைவெளியில் கண்ணாடியைச் சுரண்டி, எதிர்த்திசை அம்புகளை நீக்கிவிட்டால் அங்கிருந்தும் ஒளி வரும் என்கிறார் ஃபெயின்மன். சி.டி. தகடு அப்படிப்பட்டதுதான், தடங்களின் இடைவெளி 1.6 மைக்ரோமீட்டர்.

இங்கே ஓர் எச்சரிக்கை. நியூட்டனின் 'ஆப்டிக்ஸ்' (1704) நூலையோ அதை எளிமைப்படுத்தி எழுதியவற்றையோ படிக்கும்போது பட்டகத்துக்குப் பதில் சி.டி.யை வைத்துப் பார்க்காதீர்கள். பட்டகத்தில் ஊதா அதிகம் விலகும், சிவப்பு குறைவாக விலகும். சி.டி.யில் நேர்மாறு: சிவப்பு 24 பாகை, 450 நா.மீ. நீலம் 16 பாகை. நூல் தப்பு என்று தோன்றிவிடும். இரண்டும் வெவ்வேறு காரணத்தால் நிறம் பிரிப்பவை.

பட்டகத்தோடு செய்பவர்களுக்கு வரும் தொல்லை வேறு. ஜன்னலில் அட்டை வைத்து, துளை போட்டு, வெயிலைப் பட்டகத்தில் விடுவார்கள். திரையை ஒரு சாண் தூரத்தில் பிடிப்பார்கள். நடுவில் வெள்ளை, ஓரங்களில் மட்டும் நிறம் என்றுதான் தெரியும். சூரியனே அரைப் பாகை அகலமுள்ளது, துளைக்கும் அகலம் உண்டு, ஆகவே கிட்டத்தில் நிறங்கள் ஒன்றின்மேல் ஒன்று ஏறிக்கிடக்கும். 1672இல் வெளியான நியூட்டனின் கடிதத்தில் சுவர் 22 அடி தள்ளி இருந்தது. நம் அறையில் 3 மீட்டராவது விடுங்கள், துளை 5 மி.மீட்டரைத் தாண்ட வேண்டாம்.

கானல்:

எனக்கு வரிசையில் மாற்றுக்கருத்து உண்டு. ஃபெயின்மனுக்கு முன்னால் டச்சு வானியலாளர் மின்னார்ட் வர வேண்டும். திறந்தவெளியில் காணும் ஒளியையும் வண்ணத்தையும் பற்றி அவர் டச்சு மொழியில் எழுதிய தொகுதி 1937இல் வந்தது, ஆங்கிலத்திலும் கிடைக்கிறது. எந்தப் பக்கத்தைத் திறந்தாலும் வெளியே போய்ப் பார்க்க ஒன்று இருக்கும். மரத்தடியில் விழும் வட்ட வட்டமான வெளிச்சம் இலையிடுக்கின் வடிவம் அல்ல, சூரியனின் பிம்பம். இடுக்கிலிருந்து தரைக்குள்ள தூரத்தை 108ஆல் வகுத்தால் வட்டத்தின் விட்டம். 10 மீட்டர் என்றால் 9 செ.மீ. 2019 டிசம்பர் 26 கங்கணக் கிரகணத்தின்போது கோவை, திண்டுக்கல், திருச்சிப் பக்கம் மரத்தடியெல்லாம் வளையங்களாக விழுந்ததற்கும் இதுவே காரணம்.

அதே சமயம், நூலை நம் ஊருக்கு அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது. மின்னார்ட் இருந்த உட்ரெக்ட் 52 பாகை வட அட்சம். டிசம்பர் கடைசியில் அங்கே நண்பகல் சூரியனே 15 பாகைக்குள்தான் நிற்கும். வானவில்லின் ஆரம் 42 பாகை. சூரியன் அதற்குமேல் ஏறிவிட்டால் சமதரையில் நிற்பவருக்கு வில் தெரியாது. ஐப்பசி மழைக்காலத்தில் நமக்கு ஏறக்குறைய காலை ஒன்பதுக்கு முன்னும் மாலை மூன்றுக்குப் பின்னும்தான் வாய்ப்பு. கையை நீட்டி முட்டி பிடித்தால் அகலம் சுமார் 10 பாகை, அளக்க அது போதும்.

நுண்ணோக்கி:

கடலின் நீலத்தைப் பற்றிய அத்தியாயம் எந்த நூலில் வந்தாலும் ராமன் பெயர் வரும். 1921 கப்பல் பயணத்தில் ஒரே தளத்தில் அதிரும் ஒளியை மட்டும் விடும் நிக்கோல் பட்டகம் வழியாகக் கடலைப் பார்த்தார். நீர்ப்பரப்பில் பிரதிபலிக்கும் வானத்தின் ஒளியை அது அணைத்துவிட்டது. நீலம் அப்போதும் இருந்தது. ஆகவே அது வெறும் வானப் பிரதிபலிப்பு அல்ல என்றார். இதை ஏரிக்கரையிலேயே பார்க்கலாம். போலராய்டு கண்ணாடி அணிந்து, கிடைமட்டத்திலிருந்து 37 பாகை கீழே பார்த்து, கண்ணாடியைக் கழற்றி மெல்லச் சுழற்றுங்கள். ஒரு நிலையில் மினுமினுப்பு அடங்கித் தண்ணீரின் உட்பகுதி தெரியும். கடையில் போலராய்டு என்று விற்பதெல்லாம் அது அல்ல. கால்குலேட்டர் திரையைப் பார்த்தபடி சுழற்றினால் திரை இருட்ட வேண்டும், அதுதான் சோதனை.

நூலில் கடல் நீலத்துக்குச் சிதறல் மட்டுமே காரணம் என்று எழுதியிருந்தால் அந்தப் பகுதி பழையது. சிவப்பைத் தண்ணீர் உறிஞ்சுவதற்கும் இதில் பெரும்பங்கு உண்டு.

கீற்றணி:

இரட்டைப் பிளவுச் சோதனையைப் படித்துவிட்டு பிளேடால் இரண்டு கீறல் போட முயல்பவர்களுக்கு: விட்டுவிடுங்கள், இடைவெளி சீராக வராது. அந்தச் சோதனைக்குப் பெயர்பெற்ற தாமஸ் யங்கே 1803இல் விளக்கிய சோதனையில் ஓர் அங்குலத்தில் முப்பதில் ஒரு பங்கு அகலமுள்ள அட்டைத் துண்டை வெயில் கீற்றின் குறுக்கே பிடித்தார். நமக்கு ஒரு தலைமுடி போதும். 1 மில்லிவாட்டுக்குக் குறைந்த சிவப்பு லேசர் முனைக்கு முன்னால் முடியை ஒட்டி, 3 மீட்டர் தள்ளிச் சுவரில் பாருங்கள். கற்றையைக் கண்ணில் வாங்கவே கூடாது, எஃகுப் பாத்திரங்களை அந்தப் பக்கத்திலிருந்து அகற்றிவிடுங்கள். மலிவான பச்சை லேசரைத் தவிர்க்கவும், சிலவற்றில் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பும் சேர்ந்து வரும்.

முடியின் தடிமன் 70 மைக்ரோமீட்டர் என்றால் இருள் இடைவெளிகள் 2.8 செ.மீ.க்கு ஒன்றாக விழும். நடுவில் உள்ள வெளிச்சப் பட்டை இருமடங்கு அகலமானது. அதை ஓர் இடைவெளியாக எண்ணினால் விடை பாதியாகிவிடும். இடப்பக்கம் ஐந்தாவது இருளிலிருந்து வலப்பக்கம் ஐந்தாவது வரை அளந்து பத்தால் வகுங்கள். பிறகு முடியின் தடிமன் = 0.00065 மி.மீ. × 3000 மி.மீ. ÷ அந்த இடைவெளி, எல்லாம் மி.மீட்டரில். லேசர் பேனாவில் 630–680 என்று அச்சிட்டிருந்தால் விடையிலும் ஐந்து சதவீதம்வரை ஐயம் இருக்கும், அதையும் சேர்த்தே எழுதி வையுங்கள்.