பிரிக்காத காணியை அண்ணன் விற்கப் பார்க்கிறார், தடையுத்தரவு எடுக்கலாமா?

கேள்வி: இலங்கையின் களுவாஞ்சிக்குடியில் அப்பாவின் தென்னங்காணி, நாலு பேருக்குப் பொது. அண்ணன் ஒரு துண்டுக்கு அட்வான்ஸ் வாங்கிவிட்டார். மரமும் தறிக்கிறார். எப்படி நிறுத்துவது?

பதில் 1: தங்கச்சி, விற்பனைக்குப் பெரிய பூட்டு தடையுத்தரவு இல்லை. பாகப்பிரிவினை வழக்கு (பொதுக்காணியைப் பிரித்துத் தரக் கேட்கும் வழக்கு) போட்டு, அதைக் காணிப் பதிவகத்தில் நிலுவை வழக்காக, அதாவது இந்தக் காணிமேல் வழக்கு நடக்கிறதென்று, பதியுங்கள். 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பாகப்பிரிவினைச் சட்டம், 66ஆம் பிரிவு: பதிந்தபின் வழக்கு முடியும்வரை பங்கை விற்றாலும், குத்தகைக்குக் கொடுத்தாலும், ஈடு வைத்தாலும் செல்லாது.

பதில் 2: மரம் தறிப்பதை அந்தப் பதிவு நிறுத்தாது. அதற்குத்தான் தடையுத்தரவு. மனுவோடு சத்தியக்கடதாசி (சொல்வது உண்மையென்று சத்தியம் செய்து ஒப்பமிடும் கடதாசி) வேண்டும். "பயமாக இருக்கிறது" என்றெழுதினால் எடுபடாது; தறித்த அடிக்கட்டைகளின் படம், திகதி, எண்ணிக்கை போடுங்கள். அவசரமென்றால் எதிராளிக்கு அறிவிக்காமலே முதலில் 14 நாள்வரை கட்டளை கிடைக்கலாம். ஏதாவது மறைத்தது தெரிந்தால் அதுவும் போய்விடும். தாமதிக்காதீர்கள்.

பதில் 3: முதலில் காணி உறுதியை (உரிமைப் பத்திரத்தை) பாருங்கள் அக்கா. அரச அனுமதிப்பத்திரக் காணியென்றால் கதையே வேறு, பின்னுரிமையை, அதாவது அப்பாவுக்குப்பின் காணி யாருக்கென்பதை, பிரதேச செயலகத்தில் விசாரியுங்கள்.