[கலைச்சொல்] அடுப்பில் சுட்டெடுக்கும் உருளைக்கிழங்குக்கு என்ன பெயர்?

ம. எழுதியது:

அனைவருக்கும் வணக்கம்.

மின்னடுப்பு ஒன்றின் கையேட்டையும் அதோடு வரும் சமையல் குறிப்பேட்டையும் மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை மாலைக்குள் அச்சுக்குப் போயாக வேண்டும். முந்தைய பதிப்பில் கருவியின் பெயரை ஆங்கில ஒலிப்பிலேயே விட்டுவிட்டார்கள். விளைவு, ‘அவனை முன்கூட்டியே சூடாக்கவும்’, ‘அவன் ஆறிய பிறகு ஈரத்துணியால் துடைக்கவும்’ என்றெல்லாம் வந்திருக்கிறது. அதை ‘அடுப்பு’ என்று மாற்றிவிட்டேன். அதில் எனக்குக் குழப்பமில்லை.

இடிப்பது ஒரு பண்டத்தின் பெயர். உருளைக்கிழங்கை மெல்லியதாகச் சீவி, எண்ணெயும் மசாலாவும் பிரட்டி, தட்டில் பரப்பி, 180 பாகை செல்சியசில் மொறுமொறுப்பாக எடுப்பது. மூலம் பிரிட்டன் ஆங்கிலம். அங்கே ‘சிப்ஸ்’ என்றால் விரல் பருமனில் வெட்டிப் பொரித்தது. இதற்குப் பெயர் ‘கிரிஸ்ப்ஸ்’. இரண்டும் ஒரே பக்கத்தில் வருவதால் ‘சிப்ஸ்’ என்று போட்டுத் தப்பிக்க வழியில்லை. ‘வறுவல்’ என்றால் எண்ணெய்ச் சட்டி நினைவுக்கு வருகிறது. குறிப்பின் நோக்கமே சட்டியைத் தவிர்ப்பதுதான்.

இன்னொரு நெருக்கடியும் உண்டு. கருவியின் திரையில் பெயருக்கு 16 எழுத்துதான் இடம், இடைவெளியும் சேர்த்து. ‘உருளைக்கிழங்கு’ மட்டுமே 8 எழுத்தை விழுங்கிவிடுகிறது. உதவுங்கள்.

செ. எழுதியது:

அம்மா,

‘சுடுசீவல்’ என்று வையுங்கள். மூதுரையைப் பாருங்கள். ‘அட்டாலும் பால்சுவையிற் குன்றாது’ என்று தொடங்கி, ‘சங்கு சுட்டாலும் வெண்மை தரும்’ என்று முடிக்கிறார் ஔவை. ஒரே வெண்பாவில் இரண்டு வினை. பாலுக்கு அடுதல், சங்குக்குச் சுடுதல். நீர்மத்தைக் காய்ச்சினால் ஒன்று, நீரில்லாமல் நேர் வெப்பத்தில் வைத்தால் மற்றொன்று. உங்கள் பண்டத்துக்கு எது பொருந்தும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

க. எழுதியது:

செ. ஐயா, வெண்பா சரி. ஆனால் சுடுநீர், சுடுசோறு என்று கேட்டுப் பழகியவர் ‘சுடுசீவல்’ என்றதும் ‘சூடாக இருக்கும் சீவல்’ என்றுதானே எடுத்துக்கொள்வார்? இதுவோ ஆறவிட்டுத் தின்னும் பண்டம். போதாக்குறைக்கு, ‘சுடு’ என்று தொடங்கினாலே பாதிப் பேருக்குச் சுடுகாடு நினைவு வரும். சமையல் குறிப்பேட்டில் அது தேவையா?

என் கருத்து, ‘அடுப்பு சிப்ஸ்’. எல்லோருக்கும் புரியும். பொரித்ததை ‘விரல் சிப்ஸ்’ என்று போட்டால் வேறுபாடும் தெரிந்துவிடும். வேலை முடிந்தது.

த. எழுதியது:

க. அவர்களே, வேலை முடியவில்லை. ‘ஸ்’ தமிழ்ச் சொல்லுக்கு ஈற்றெழுத்து ஆகாது. ‘வடவெழுத்து ஒரீஇ’ என்று வடசொல்லுக்கே நிபந்தனை போட்டவர் தொல்காப்பியர். ஆங்கிலச் சொல்லுக்கு மட்டும் என்ன சலுகை? ‘சிப்சு’ என்று எழுதவும் மனம் வரவில்லை. அது தும்மல் மாதிரி இருக்கிறது.

செ. ஐயாவின் பிரிப்பையும் நான் ஏற்கவில்லை. அடுதல் என்பது சமைத்தல் முழுவதற்குமான பொதுவினை. அடுப்பு, அடுக்களை, அட்டில், அடிசில், இன்றைய அடுமனை எல்லாம் அதன் வழி வந்தவை. அடுப்பில் ஆவது ‘அடுசீவல்’ என்றால் கருவியும் பண்டமும் ஒரே வேரில் நிற்கும். அடுதலுக்குக் கொல்லுதல் என்ற பொருளும் உண்டு என்பது கூடுதல் அழகு. அடுகளம் என்றால் போர்க்களம். பரணி என்னும் போர்ப்பாடலில் பேய்கள் அதே களத்தில் கூழ் அடுகின்றன. கொல்லும் களமே சமைக்கும் களமாகிறது. புலவர் ஒரு வினையை எப்படி இரண்டு பக்கமும் உழுகிறார் பாருங்கள். இதற்கும் ‘அடுத்தல்’ என்ற நெருங்கிவருதல் பொருளுக்கும் உறவு உண்டா என்று நெடுநாளாக யோசித்துவருகிறேன். பொருந்தி நின்று தாக்குவது, நெருப்போடு பொருந்த வைப்பது...

க. எழுதியது:

பேய்களை அவற்றின் கூழோடு விட்டுவிட்டுக் கிழங்குக்கு வருவோமா? ‘அடுசீவல்’ என்றால் ‘அடுத்த சீவல்’ என்று படிப்பார்கள்.

இ. எழுதியது:

வணக்கம். உங்களுக்குக் கிடைக்காத சொல் எங்களிடம் நெடுங்காலமாகப் புழக்கத்தில் இருக்கிறது. ஈழத்தில் பேக்கரியை வெதுப்பகம் என்றுதான் சொல்கிறோம். சுற்றிலும் மூடிய வெப்பத்தில் வைத்து எடுப்பதற்கு வெதுப்பல் என்று தனிவினை இருக்கும்போது ஏன் சுடலையைச் சுற்றுகிறீர்கள்? திரும்பு–திருப்பு, நிரம்பு–நிரப்பு போல வெதும்பு–வெதுப்பு. இலக்கணம் சுத்தம். கருவி வெதுப்பி, பண்டம் வெதுப்புச்சீவல்.

செ. எழுதியது:

தம்பி, வெதுவெதுப்பு என்றால் கைபொறுக்கும் சூடு. 180 பாகையை வெதுப்பு என்றால் பொருள் நீர்த்துப்போகும்.

இ. எழுதியது:

ஐயா, வெதுப்பகத்தில் இருந்து வருவதை யாரும் வெதுவெதுப்பான மாவு என்று நினைத்து உண்பதில்லை. பழகினால் பொருள் ஏறிவிடும். சுடுகாட்டைத் தாண்டிச் சுடுசீவலுக்கு வரும் வாசகர் வெதுவெதுப்பைத் தாண்டி வரமாட்டாரா?

ந. எழுதியது:

இத்தனை பேர் பேசியிருக்கிறீர்கள், இதை யாராவது செய்து பார்த்தீர்களா? நான் அடிக்கடி செய்கிறேன். ம., நீ கேட்கும் பெயருக்கு முன்னால் வேறொரு சிக்கலைத் தீர்க்க வேண்டும்.

சீவியதும் அது சீவல். தண்ணீரில் போட்டாலும் சீவல், வெந்து வந்தாலும் சீவல் என்றால் ‘சீவலை ஈரமின்றித் துடைக்கவும்’ என்று படிக்கிறவர் எதைத் துடைப்பார்? பச்சையாக இருப்பதற்கு ‘வில்லை’ என்று வை. ஒன்றரை முதல் இரண்டு மில்லிமீட்டர் கனத்தில் வில்லை. அதை அரைமணி நேரம் குளிர்ந்த நீரில் போட்டால் மேலே ஒட்டியிருக்கும் மாவுச்சத்து இறங்கித் தண்ணீர் வெள்ளையாகக் கலங்கும். கலங்கல் நிற்கும்வரை அலசி, துணியில் பரப்பி ஒற்றி எடுக்க வேண்டும். ஈரம் நின்றால் வில்லை வேகுமே தவிர மொறுமொறுக்காது. கிழங்கில் ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர்தான். அது போக வழிவிடுவதுதான் இங்கே சமையலே. அதனால்தான் தட்டில் ஒன்றன்மேல் ஒன்று ஏறக்கூடாது என்கிறார்கள்.

சீவல் என்ற பெயர் அது அடுப்பில் மாறிய பிறகுதான் பொருந்தும். அந்த மாற்றம் கண்ணுக்குத் தெரியும். ஓரம் முதலில் சுருண்டு பொன்னிறமாகும். நடுவில் வெளிறிய ஈரத்திட்டு ஒன்று இருக்கும், அது இருக்கும்வரை தூக்கினால் தோல் மாதிரி வளையும். திட்டு மறைந்ததை ஒவ்வொன்றாக எடுத்துவிட வேண்டும், எல்லாம் சேர்ந்து ஆகாது. கம்பித்தட்டில் ஆறவிட்டால்தான் ஒடியும்.

மசாலாவுக்கு ‘சுவையூட்டிய’ என்று போட்டிருந்தால் எடுத்துவிடு. பொட்டலத்தில் சேர்க்கும் வேதிப்பொருள் பட்டியல் போல இருக்கிறது. ‘பிரட்டிய’ போதும். ஒன்று மட்டும் மூலத்தில் சரிபார்: பூண்டுத்தூள் போன்ற நைசான தூள்களை முதலிலேயே பிரட்டினால் கிழங்கு ஆவதற்குள் கருகிக் கசக்கும். உப்பும் முன்கூட்டியே போட்டால் தண்ணீர் விடும். அடுப்பிலிருந்து எடுத்தவுடன், எண்ணெய்ப்பசை மினுமினுக்கும்போது தூவினால் ஒட்டும். அப்படியென்றால் அது ‘மசாலா பிரட்டிய’ அல்ல, ‘மசாலா தூவிய’.

ம. எழுதியது:

ந. அக்கா, நன்றி. மூலத்தில் எண்ணெயும் மிளகாய்த்தூளும் முதலில், உப்பும் பூண்டுத்தூளும் கடைசியில். தலைப்பில் ‘மசாலா தூவிய’ என்று போடுகிறேன். வில்லையையும் எடுத்துக்கொண்டேன்.

த. எழுதியது:

மசாலா தமிழன்று. ‘சுவைப்பொடி’ எனலாம்.

க. எழுதியது:

மருந்துக்கடையில் கேட்க வேண்டியிருக்கும்.

த. எழுதியது:

சரி, போகட்டும். வேறு கோணத்தில் வருகிறேன். சீவியதையும் சுட்டதையும் விட்டுவிட்டு, தின்னும்போது தெரியும் தன்மையால் பெயரிட்டால் என்ன? ‘மொறுவல்’. ஐந்து எழுத்துகூட இல்லை.

செ. எழுதியது:

‘இரட்டைக்கிளவி இரட்டிற் பிரிந்து இசையா’. மொறுமொறுவைப் பிரித்து ஒற்றை ‘மொறு’வை எடுத்து விகுதி ஏற்ற முடியாது. நூற்பா தெளிவாக இருக்கிறது.

த. எழுதியது:

அது உண்மையிலேயே இரட்டைக்கிளவியா என்பதுதான் கேள்வி. முறுகு என்று வினை இருக்கிறது. முறுகு, முறுகல், முறுமுறுப்பு, மொறுமொறுப்பு. வினையடி கிடைத்துவிட்டால் நூற்பா இங்கே செல்லாது. மொறுவல் பிடிக்காவிட்டால் ‘முறுகல்’ என்றே வைக்கலாம். மக்கள் வாயில் இன்றும் இருக்கும் சொல்.

ந. எழுதியது:

வாயில் இருக்கிறது, ஆனால் எதற்கு? அளவுக்கு மீறிச் சிவந்து தீயத் தொடங்கியதற்கும் முறுகல் என்கிறோம். இந்தப் பண்டத்தில் அதுதான் ஆகாது. மாவுச்சத்துள்ள உணவைப் பொரிக்கும்போதும் சுடும்போதும் அக்ரிலமைடு என்ற, உடலுக்குக் கேடு செய்யக்கூடிய வேதிப்பொருள் உண்டாகிறது என்று 2002-இல் சுவீடனில் கண்டறிந்தார்கள். 120 பாகைக்கு மேல், சர்க்கரையும் அஸ்பரஜின் என்ற அமினோ அமிலமும் சேர்ந்து நிறம் ஏறும்போது அதுவும் ஏறும். அதனால்தான் பொன்னிறத்தோடு நிறுத்தச் சொல்கிறார்கள். குளிர்பெட்டியில் வைத்த கிழங்கை இதற்கு எடுக்க வேண்டாம் என்பதும் அதனால்தான். குளிரில் மாவுச்சத்து சர்க்கரையாக மாறி, நேரத்துக்கு முன்பே சிவந்துவிடும். நீ ‘முறுகல்’ என்று தலைப்பிட்டால் வாசகர் முறுகும்வரை அடுப்பை அணைக்க மாட்டார்.

க. எழுதியது:

நியாயம். அப்படியென்றால் சீவலே இருக்கட்டும். ‘உருளைச் சீவல்’ என்று சுருக்கினால் அடைமொழிக்கும் இடம் கிடைக்குமே?

ம. எழுதியது:

இதே கையேட்டில் பாதுகாப்பு எச்சரிக்கைப் பக்கத்தில் ‘எரிவாயு உருளையை அருகில் வைக்காதீர்கள்’ என்று இருக்கிறது. திரையில் ‘உருளை’யும் ‘சுடு’வும் சேர்ந்து வந்தால் யாராவது தீயணைப்பு நிலையத்தைக் கூப்பிடுவார்கள். வெறும் ‘கிழங்கு’ என்றும் போட முடியாது, அடுத்த குறிப்பு சர்க்கரைவள்ளிக்கிழங்கு.

எழுத்தை எண்ணிப் பார்த்தேன். ‘உருளைக்கிழங்குச் சுடுசீவல்’ 15. ‘உருளைக்கிழங்கு வெதுப்புச்சீவல்’ 17.

செ. எழுதியது:

சுடுமண் சிற்பம் என்கிறோம். கைவைத்தால் சுடுகிறதா? காலம் கரந்த பெயரெச்சம் வினைத்தொகை. சுட்ட, சுடுகின்ற, சுடும் மூன்றும் அதற்குள் அடக்கம். இங்கே சுட்ட சீவல் என்று கொள்க. க. அவர்களின் ஐயம் இத்தோடு தீர வேண்டும்.

க. எழுதியது:

தீரவில்லை, அலுத்துவிட்டது. சுடுசீவலுக்கு என் வாக்கு.

ந. எழுதியது:

எனக்கும் சரி. உள்ளே குறிப்பில் ‘அடுப்பில் சுட்ட உருளைக்கிழங்குச் சீவல்’ என்று விரித்து எழுதிவிடு, திரையில் மட்டும் சுருக்கம்.

த. எழுதியது:

அடுசீவல் என்ற என் கருத்து பதிவில் இருக்கட்டும். அடுகளம் பற்றித் தனி இழை தொடங்குகிறேன்.

ம. எழுதியது:

கோப்பை அனுப்பிவிட்டேன். திரையில் ‘உருளைக்கிழங்குச் சுடுசீவல்’, பக்கத்தில் ‘மசாலா தூவிய, அடுப்பில் சுட்ட உருளைக்கிழங்குச் சீவல்’. எல்லோருக்கும் நன்றி.

இ. எழுதியது:

ஒரு எழுத்தால் தோற்றதாக ஏற்றுக்கொள்ள முடியவில்லை. வெதுப்பு இங்கே பெயர் அல்ல, வினையடி. வெதுப்பிய, வெதுப்புகின்ற, வெதுப்பும் என மூன்று காலமும் விரியும். ஆகவே வினைத்தொகை. வினைத்தொகையில் வல்லினம் மிகாது. ‘வெதுப்புசீவல்’ என்றே எழுத வேண்டும், ஒற்று கூடாது. இப்போது எண்ணுங்கள்: 16.

செ. எழுதியது:

இலக்கணம் சரிதான் தம்பி. பொருளில்தான் இன்னும் சூடு போதவில்லை.